உடலுக்குச் சான்றிதழ், வீதிக்கு விதிவிலக்கு

“முடவன் கொம்புத்தேனுக்கு ஆசைப்பட்டாற் போல” என்பது தமிழர் வழக்கில் நெடுங்காலமாக நிலவிவரும் பழமொழி. தகுதிக்கு மீறிய ஆசையை எள்ளி நகையாட அது பயன்படுகிறது. ஆயின், அப்பழமொழியைச் சொல்லிச் சிரிப்போர் ஒன்றை எண்ணிப் பார்ப்பதில்லை. கால் உள்ளவனும் வெறுங்காலால் கொம்பேறித் தேன் எடுப்பதில்லை. ஏணி, கயிறு, புகைக்கும் பந்தம், கீழே நின்று தாங்கிப் பிடிக்கும் துணையாள் ஆகிய அனைத்தும் அவனுக்கு வேண்டும். அத்தனை துணைகளையும் பெற்று ஏறியவனை உலகம் ஆற்றல் மிக்கவன் என்கிறது. அதே துணைகளைத் தனக்கேற்ற வடிவில் கேட்பவனைப் பேராசைக்காரன் என்கிறது. நகைப்பின் இலக்காக வேண்டியவன் யார் என்பதை மறுபடி தீர்மானிக்க வேண்டிய காலம் வந்துவிட்டது.

நடமாட்டத்தில் இடருறுவோர் மருத்துவச் சான்றுடன் விண்ணப்பித்து, வாகனத் தரிப்பிடத்திற் சலுகை பெறும் உரிமப் பத்திரமொன்றைப் பெறும் வழக்கம் பல நாடுகளில் உண்டு. அத்தகையதொரு ஒழுங்கு மலையகத்தில், புசல்லாவை போன்றதொரு சிறு நகரில் வேண்டும் என்று எவரேனும் சொன்னால் படித்தவர் வட்டாரத்தில் முதலில் எழுவது சிரிப்பே. “கார் இல்லாதவனுக்குக் கார் நிறுத்த இடமா?” என்று கேட்பர். இவ்வினாவில் நகைச்சுவை இருக்கலாம், நியாயம் இல்லை. தரிப்பிட உரிமம் என்பது யாது, அது எவருக்கு உரியது, அதற்கான சான்றை வழங்க வேண்டியவர் யார் என்ற மூன்று வினாக்களையும் முறையாக ஆராய்ந்தால், புசல்லாவைக்கு அவ்வுரிமம் இலண்டனை விடக் கூடுதலாகத் தேவைப்படுகிறது என்பது புலனாகும்.

முதலில் அவ்வுரிமத்தின் வரலாற்றை நோக்குதல் தகும். பிரித்தானியாவில் அல்ஃப் மொறிஸ் என்னும் தொழிற்கட்சி உறுப்பினர் தனிநபர் மசோதாவாகக் கொண்டுவந்து நிறைவேற்றிய 1970ஆம் ஆண்டின் நாட்பட்ட நோயாளர், அங்கவீனர் சட்டமே அதன் தோற்றுவாய். 1971இல் செம்மஞ்சள் நிற அட்டையாக வழக்குக்கு வந்த அவ்வுரிமம் 2000ஆம் ஆண்டிலிருந்து நீல அட்டையாயிற்று. 2019இல் இங்கிலாந்தில், வெளிப்பார்வைக்குத் தெரியாத குறைபாடுடையோரும் அதனைப் பெற வழி திறக்கப்பட்டது. இவ்வரலாற்றில் கூர்ந்து கவனிக்க வேண்டிய செய்தி ஒன்றுண்டு. அந்த அட்டை வாகனத்துக்கு வழங்கப்படுவதன்று, ஆளுக்கு வழங்கப்படுவது. அதை உடையவர் தாமே வண்டியோட்டிச் செல்லலாம். மகனின் வண்டியிலோ அயலாரின் வண்டியிலோ ஏறிச் செல்லலாம். வாடகை வண்டியிலும் செல்லலாம். அவர் எவ்வண்டியில் இருக்கிறாரோ அவ்வண்டிக்கு அவ்வேளையில் அவ்வுரிமை வந்து சேர்கிறது. அவர் இறங்கிச் சென்றபின் அவர் பெயரால் வேறெவரும் அதைப் பயன்படுத்துதல் குற்றம்.

“கார் இல்லாதவனுக்கு” என்னும் எள்ளல் இங்கேயே வீழ்ந்துபடுகிறது. இலங்கையில் பதிவு செய்யப்பட்ட முச்சக்கர வண்டிகள் பத்து இலட்சத்துக்கும் மேற்பட்டவை. மலையகத்தில் அம்புலன்ஸ் வண்டியும், திருமண ஊர்தியும், பிள்ளைப்பேற்றுக்குக் கொண்டோடும் வாகனமும் பெரும்பாலும் இந்த ஆட்டோவே. நடக்கவியலாத ஒரு முதியவளைத் தோட்டத்திலிருந்து நகருக்குக் கொண்டுவருவதும் அதுவே. ஆயின் நகருக்கு வந்தபின் அவ்வண்டி எங்கே நிற்கும்?

பேராதனையிற் புறப்பட்டு, கம்பளை கடந்து, மலையைச் சுற்றிச் சுற்றி ஏறி, நுவரெலியாவையும் பதுளையையும் தொட்டுச் செங்கலடி வரை செல்லும் நெடுஞ்சாலையிற் புசல்லாவை அமைந்துள்ளது. நகரம் என்று சொல்லப்படுவது அந்நெடுஞ்சாலையின் இருமருங்கும் நெருங்கி நிற்கும் கடைத்தொகுதியே. கண்டிக்கும் நுவரெலியாவுக்கும் இடையே ஓடும் பஸ் வண்டிகளும், மரக்கறி லொறிகளும், உல்லாசப் பயணிகளின் வான்களும் அவ்வொரே வீதியிற் செல்கின்றன. கடைவாயிலில் வண்டியை நிறுத்தினால் பின்னால் வருபவர் ஒலியெழுப்புவர். சற்றே தாமதித்தால் பொலிசார் அகற்றச் சொல்வர். எனவே ஆட்டோச் சாரதி இடம் கிடைக்கும் தொலைவில் இறக்கிவிட்டுச் செல்வான். அவன் மீது குற்றமில்லை. ஊன்றுகோலுடன் இறங்கியவர் அங்கிருந்து வங்கிக்கோ தபாற் கந்தோருக்கோ மருந்தகத்துக்கோ சாய்வான வீதியோரத்தில், திறந்த வடிகானுக்கும் ஓடும் வாகனத்துக்கும் இடையே, தம் உயிரைக் கையிற் பிடித்துக்கொண்டு செல்ல வேண்டும். கால் உள்ளவனுக்கு அது நூறு அடி; கால் இழந்தவனுக்கு அது ஒரு மலை.

நெடுஞ்சாலை வரையேனும் வந்தவரின் நிலை இது. தோட்டத்தின் உள்ளே இருப்பவரின் நிலை இதனினும் கடியது. லயத்து வாயிலிலிருந்து தோட்டப் பாதைக்கு வரவே கற்படிகளும் ஒற்றையடிப் பாதைகளும் உண்டு. மழைக் காலத்தில் அவை ஓடையாகிவிடும். தோட்டப் பாதையோ கற்கள் பெயர்ந்து கிடப்பது. நீரிழிவு நோயாற் காலை இழந்த ஒரு தொழிலாளியை எண்ணிப் பார்க்கலாம். அவர் பிரதேச செயலகத்தில் உதவிப்பணத்துக்கோ சக்கர நாற்காலிக்கோ விண்ணப்பிக்க விரும்புகிறார். முதலிற் கிராம உத்தியோகத்தரைக் காண வேண்டும். அவர் மக்களைச் சந்திக்கும் நாளிற் செல்ல வேண்டும். பின் படிவம் பெற வேண்டும். அதன்பின் அரசாங்க வைத்தியர் ஒருவரின் சான்று வேண்டும். விசேட வைத்தியரின் கருத்து தேவைப்பட்டால் கம்பளைக்கோ நாவலப்பிட்டிக்கோ கண்டிக்கோ பயணம். சான்று பெற்றபின் மறுபடியும் செயலகம். ஒவ்வொரு பயணத்துக்கும் ஆட்டோக் கூலி. துணைக்கு வரும் மனைவிக்கோ மகனுக்கோ அன்றைய பேர் இல்லை.

இங்கு நிகழும் முரணை உற்று நோக்க வேண்டும். தம்மால் நடக்க இயலாது என்பதை நிறுவுவதற்காக அவர் நடத்தப்படுகிறார். ஐந்து முறை மலையிறங்கி ஏறி, ஐந்து அலுவலகப் படிக்கட்டுகளில் ஏறியிறங்கக் கூடியவருக்கே “இவரால் நடமாட இயலாது” என்ற சான்றிதழ் கிடைக்கிறது. உண்மையில் நடக்கவே இயலாதவர் லயத்து அறையில் கிடக்கிறார். அவரைப் பற்றிய கோப்பு எந்த அலுவலகத்திலும் இல்லை. தேவை மிகுந்தவரை வெளியே நிறுத்தி, தேவை குறைந்தவரை உள்ளே விடும் ஒரு சல்லடைக்கு நிர்வாகம் என்று பெயரிடப்பட்டிருக்கிறது.

பேருந்தைப் பிடித்துச் செல்லலாமே என்பாருக்கும் விடை உண்டு. பஸ்ஸினுள்ளே அங்கவீனருக்கென்று ஆசனம் குறிக்கப்பட்டிருக்கிறது. அவ்வாசனத்தை அடைய உயர்ந்த படிகளில் ஏற வேண்டும்; அதுவும் பஸ் முழுமையாக நிற்கு முன்னரே ஏற வேண்டும். ஆசனம் ஒதுக்கியவர்கள் அதற்குச் செல்லும் வழியை ஒதுக்க மறந்தார்கள். இந்நாட்டின் அங்கவீனர் கொள்கை முழுவதற்கும் அந்த ஆசனமே தக்கதோர் உருவகம்.

இந்நிலை தற்செயலாக உருவானதன்று. மலையகத்தில் தொழிலாளியின் உடலை அளக்கும் மரபு அவன் வருகையோடு தொடங்கியது. புசல்லாவையின் றொத்சைல்ட் தோட்டத்திலேயே 1841இல் வேர்ம்ஸ் சகோதரர் சீனத்துத் தேயிலைச் செடிகளை நட்டுப் பார்த்தனர். கோப்பிக் காலத்திலும் பின்வந்த தேயிலைக் காலத்திலும் அம்மலைகளில் மனித உடல் ஓர் அளவையாலேயே மதிக்கப்பட்டது. காலையிற் பிரட்டுக்களத்தில் நிற்பவனின் உழைப்பு, மாலையிற் செக்றோலில் முழுப் பேராகவோ அரைப் பேராகவோ பதியப்பட்டது. நோயுற்றவனுக்குப் பேர் இல்லை. 1912ஆம் ஆண்டின் மருத்துவத் தேவைகள் கட்டளைச் சட்டம் தோட்டத்து மருத்துவத்தைத் தோட்ட நிர்வாகத்தின் பொறுப்போடு பிணைத்தது. அதனால் நன்மைகள் விளையாமலில்லை. ஆயினும் தோட்ட மருந்தகத்தின் முன் நின்ற தொழிலாளியிடம் கேட்கப்பட்ட அடிப்படை வினா, “இவன் நாளை மலைக்குப் போவானா?” என்பதே.

1934ஆம் ஆண்டின் தொழிலாளர் நட்டஈட்டுக் கட்டளைச் சட்டம் இதனை மேலும் ஒழுங்குபடுத்தியது. அதன் அட்டவணையில் கைக்கு ஒரு வீதம், காலுக்கு ஒரு வீதம், விரலுக்கு ஒரு வீதம், கண்ணுக்கு ஒரு வீதம் என உழைக்கும் ஆற்றலின் இழப்பு நூற்றுவீதத்தில் வரையறுக்கப்பட்டது. உழைக்கும்போது உறுப்பிழந்தவனுக்கு நட்டஈடு கிடைக்க வழிசெய்தது தொழிலாளர் இயக்கத்தின் கண்கொண்டு பார்க்கையில் ஒரு முன்னேற்றமே. ஆயின் நட்டஈட்டுக்காக வகுக்கப்பட்ட சிந்தனை, மனிதனை மதிக்கும் பொதுச் சிந்தனையாகிவிட்டதே கேடு. எத்தனை வீதம் உழைக்க மாட்டான் என்பது முதலாளியின் வினா. எங்கே செல்ல விரும்புகிறான், எது அவனைத் தடுக்கிறது என்பதே குடிமகனின் வினா. இன்றைய மருத்துவச் சான்றிதழ் முதலாவது வினாவுக்கு விடையளித்துவிட்டு, இரண்டாவது வினாவுக்கும் விடையளித்துவிட்டதாகப் பாவனை செய்கிறது. அரைப்பேரின் புதிய வடிவம் அது.

மலையக மக்களுக்குச் சான்றிதழ் என்னும் சொல்லே கசப்பானது என்பதையும் மறத்தலாகாது. 1948ஆம் ஆண்டின் 18ஆம் இலக்கக் குடியுரிமைச் சட்டம், தந்தை இந்நாட்டிற் பிறந்ததற்குச் சான்று காட்டும்படி, பிறப்புப் பதிவுகள் ஒழுங்காகப் பேணப்படாத லயங்களில் வாழ்ந்தோரைக் கேட்டது. காட்டவியலாதோர் நாடற்றோர் ஆயினர். 1964இன் சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தம் அவர்களைத் தொகையாகக் கூறிட்டது. 2003ஆம் ஆண்டின் சட்டம் வரும் வரை எஞ்சியோரின் பிரச்சினை முற்றாகத் தீரவில்லை. தம் கண்முன்னே தாம் பயிரிட்ட மலை நின்றிருக்க, தாம் இங்கு வாழ்ந்ததற்குக் காகிதம் கேட்கப்பட்ட மக்கள் அவர்கள். இன்று அவர்களுள் ஒருவர், இல்லாத காலைக் கண்முன் காட்டியும், கால் இல்லை என்பதற்குக் காகிதம் கேட்கப்படுகிறார். அதுவும் பலமுறை, துண்டிக்கப்பட்ட கால் இடையில் முளைத்துவிட்டதோ என்று ஐயுறுவதைப் போல. பெயரை ஒரு பத்திரத்தில் ஒருவிதமாகவும் இன்னொன்றில் வேறுவிதமாகவும் எழுத்தர்கள் எழுதிவைத்த குற்றத்துக்காகவும் அவரே திருப்பி அனுப்பப்படுகிறார். தமிழும் ஆட்சிமொழி என 1987இல் பதின்மூன்றாம் திருத்தம் கூறியது. கூறியிருந்தும், தமக்குப் புரியாத மொழியில் அமைந்த படிவத்தில் கையொப்பமிட்டுவிட்டு, அதில் என்ன எழுதியிருக்கிறது என்று வழியில் யாரையாவது கேட்டறியும் நிலை முற்றாக நீங்கிவிடவில்லை.

அங்கவீனம் எங்கே இருக்கிறது என்பதே இவ்விவாதத்தின் ஆணிவேர். உடலில் இருக்கிறது என்று மருத்துவம் நெடுங்காலம் கூறிவந்தது. 1976இல் பிரித்தானியாவில், பிரித்தொதுக்கலுக்கு எதிரான உடற்குறையுடையோர் ஒன்றியம் வெளியிட்ட அடிப்படைக் கோட்பாடுகள் அக்கருத்தைத் தலைகீழாகப் புரட்டின. உறுப்பின் குறை வேறு. அக்குறை உடையோரை ஒதுக்கிவைக்கும் சமூக அமைப்பால் விளையும் அங்கவீனம் வேறு என அவ்வொன்றியம் நிறுவிற்று. அதன் முதல்வர்களுள் ஒருவரான விக் ஃபின்கல்ஸ்ரைன், தென்னாபிரிக்காவில் நிறவெறி ஆட்சியை எதிர்த்துச் சிறைசென்று பின் பிரித்தானியாவுக்கு வந்தவர் என்பது குறிப்பிடத்தக்கது. தோலின் நிறம் பார்த்து வாயிலை மூடியதற்கும், கால் இல்லாதது பார்த்து வாயிலை மூடுவதற்கும் உள்ள உறவை அவர் தம் வாழ்விலேயே உணர்ந்திருந்தார். 2006இல் ஐக்கிய நாடுகள் சபை ஏற்றுக்கொண்ட அங்கவீனர் உரிமைச் சமவாயத்தின் உயிர்நாடியும் இக்கருத்தே. அச்சமவாயத்தை இலங்கை 2016 பெப்ரவரியில் உறுதிப்படுத்தியது.

இலங்கையிற் சட்டத்துக்குப் பஞ்சமில்லை. அரசியலமைப்பின் 12ஆம் உறுப்புரை அங்கவீனரின் முன்னேற்றத்துக்கெனச் சிறப்பு ஏற்பாடு செய்ய இடமளிக்கிறது. 1996ஆம் ஆண்டின் 28ஆம் இலக்கச் சட்டம் பொதுக் கட்டடங்களுக்குள் அங்கவீனர் செல்வதற்குத் தடை இருத்தலாகாது என்கிறது. 2006 ஒக்ரோபரில் வெளியான அணுகும் வசதி தொடர்பான ஒழுங்குவிதிகள் அதனை விரிவாக வகுத்துரைக்கின்றன. அஜித் சி. எஸ். பெரேரா தொடுத்த அடிப்படை உரிமை வழக்கில் 2011 ஏப்ரலில் உயர் நீதிமன்றம் வழங்கிய கட்டளையும் உண்டு. கிரிக்கெட் நடுவராகவும் இரசாயனவியலாளராகவும் விளங்கிய அவர், 1992இல் ஓடும் காரின் மீது மரம் வீழ்ந்ததால் சக்கர நாற்காலியில் வாழ நேர்ந்தவர். தம் துன்பத்தைப் பொது வழக்காக்கிய பெருமை அவருக்குரியது. ஒழுங்குவிதிகளை மீறும் கட்டடத்தின் வரைபடத்தை அங்கீகரிக்கவும், அதற்கு இணக்கச் சான்றிதழ் வழங்கவும் கூடாது என அக்கட்டளை அதிகாரிகளைத் தடுத்தது.

ஆக, சான்றிதழ் என்பது உடலுக்கு மட்டும் உரியதன்று. கட்டடத்துக்கும் ஒரு சான்றிதழ் உண்டு. இவ்விரு சான்றிதழ்களும் நடைமுறையில் நடத்தப்படும் விதத்தை ஒப்பிட்டால் உண்மை விளங்கும். கால் இழந்தவன் தன் சான்றிதழில் ஒரு முத்திரை குறைந்தால் திரும்பி நடக்க வேண்டும். சாய்தளம் இல்லாத வங்கியோ, படிகளின் மேலேறி நிற்கும் அரச அலுவலகமோ, நடைபாதையே இல்லாத கடைவீதியோ எந்த முத்திரையும் இன்றி நிமிர்ந்து நிற்கிறது. அதனை எவரும் திருப்பி அனுப்புவதில்லை. பலவீனமானவனிடம் கண்டிப்பும் பலமானதிடம் கண்ணோட்டமும் காட்டும் நிர்வாகம் இது. உடலுக்கு ஓயாத சான்றிதழ். வீதிக்கு நிரந்தர விதிவிலக்கு.

இதற்கு எதிராகச் சொல்லப்படும் வாதங்கள் மூன்று. அவற்றுள் முதலாவது, சான்று கடுமையாக இல்லாவிடின் ஏமாற்று பெருகும் என்பது. ஏமாற்று நிகழும் என்பதை மறுக்க வேண்டியதில்லை. பிரித்தானியாவிலும் நீல அட்டையைத் திருடுவோரும், இறந்த உறவினரின் அட்டையைப் பயன்படுத்துவோரும் உண்டு. அந்நாடு அதற்குக் கண்ட வழி, அட்டையில் உரியவரின் நிழற்படத்தைப் பதிப்பதும், முறைகேடாகப் பயன்படுத்துவோரைத் தண்டிப்பதுமாகும். அட்டையையே ஒழித்துவிடவில்லை. ஒருவன் பொய் சொல்லிச் சலுகை பெற்றால் நாட்டுக்கு இழப்பு ஒரு தரிப்பிடம். உண்மையாகவே நடக்கவியலாத ஒருத்தி திருப்பி அனுப்பப்பட்டால் இழப்பு அவளுடைய மருந்து, அவளுடைய பணம், சில வேளை அவளுடைய உயிர். இவ்விரண்டையும் ஒரே தராசில் வைப்பவர்கள் நீதியைப் பற்றிப் பேசுதல் பொருந்தாது.

இரண்டாவது, வறிய நாட்டுக்கு இது ஆடம்பரம் என்பது. தரிப்பிடம் ஒன்றைக் குறிக்கத் தேவையானது ஒரு வாளி வர்ணமும், ஓர் அறிவிப்புப் பலகையும், அதை மதிக்கச் செய்யும் மனமும். முதலிரண்டும் மலிவானவை. மூன்றாவதே கிடைப்பது அரிது. அதற்குப் பணத்தைக் காரணம் காட்டுதல் ஏமாற்று. மேலும், அங்கவீனர் ஒரு சிறு தொகையினர் என்ற எண்ணமும் பிழையானது. 2012ஆம் ஆண்டின் குடிசன மதிப்பீட்டின்படி ஐந்து வயதுக்கு மேற்பட்டோருள் 8.7 வீதத்தினர், அதாவது பதினாறு இலட்சத்துக்கும் மேற்பட்டோர், ஏதேனும் ஒருவகை இயலாமையுடன் வாழ்ந்தனர். இக்கூட்டத்தின் வாயில் எவருக்கும் மூடப்பட்டதன்று. 2025 மே மாதம் 11ஆம் நாள் இதே நெடுஞ்சாலையில், இறம்பொடையை அண்டிய கரண்டியெல்லையில் பஸ்ஸொன்று பள்ளத்தில் வீழ்ந்து இருபதுக்கும் மேற்பட்டோர் உயிரிழந்தனர், காயமுற்றோர் பலர். அன்று காலை அந்த பஸ்ஸில் ஏறியபோது அவர்களுள் எவரும் அங்கவீனர் உரிமையைத் தமது உரிமையாக எண்ணியிருக்க மாட்டார்கள்.

மூன்றாவது, மலைநாட்டின் நிலவமைப்பு இயற்கையானது. அதை மாற்ற இயலாது என்பது. இவ்வாதத்தைக் கேட்டுத் தேயிலைத் தோட்டங்களே நகைக்கும். கொழுந்தைத் தொழிற்சாலைக்குக் கொண்டுசெல்ல அதே மலைகளிற் பாதை வெட்டப்பட்டது. கோப்பி மூட்டைகளைக் கொழும்புக்குக் கொண்டுசெல்ல 1867இலேயே கண்டிக்குப் புகையிரதம் வந்துவிட்டது. பின்னர் மலைகளைக் குடைந்து பதுளை வரை தண்டவாளம் இடப்பட்டது. துரைமாரின் பங்களா வாயில்வரை வண்டி செல்ல வழி இருந்தது. பண்டத்துக்கும் அதிகாரத்துக்கும் வழிவிட்ட மலை, ஊன்றுகோலுக்கு மட்டும் வழிவிட மறுக்கிறது என்றால், மறுப்பது மலையன்று.

பிறநாட்டு முறைகளை அப்படியே பெயர்த்து நடுவதாலும் பயனில்லை. இந்தியாவின் 2016ஆம் ஆண்டுச் சட்டம் 21 வகைக் குறைபாடுகளை ஏற்றுக்கொண்டது போற்றத்தக்கது. ஆயின் முக்கியமான பல நலன்களுக்கு நாற்பது வீதம் என்ற எல்லைக்கோடு அங்கு நிற்கிறது. முப்பத்தொன்பதுக்கும் நாற்பதுக்கும் இடையே உடலில் என்ன வேறுபாடு என்பதை எந்த மருத்துவரும் விளக்க மாட்டார். சமதரை நகரொன்றில் இடரின்றி வாழும் முப்பது வீதத்தவர், புசல்லாவைச் சரிவில் வீட்டை விட்டு வெளியேற மாட்டார். நூற்றுவீதத்துக்கு இடம் தெரியாது. சிங்கப்பூரில் உரிமம் இருவகைப்பட்டது; தாமே ஓட்டுவோருக்கு ஒன்று, அவர்களை ஏற்றிச் செல்வோருக்கு மற்றொன்று. ஏற்றி இறக்கத் தேவைப்படும் நேரத்துக்கேனும் இடம் தரும் அந்த இரண்டாம் வகையில் மலையகம் கற்க வேண்டியது உண்டு. பிரித்தானிய முறையிலோ, நடமாட்ட இயலாமைக்கான அரச உதவியை உயர்ந்த வீதத்தில் ஏற்கெனவே பெறுபவர் நீல அட்டைக்காக மீண்டும் பரிசோதிக்கப்படுவதில்லை. ஒருமுறை அரசு அறிந்ததை மறுமுறை அறியாததுபோல் நடிக்க வேண்டியதில்லை என்பதே அதன் உட்பொருள்.

இவற்றிலிருந்து மலையகத்துக்குப் பொருந்தும் கோரிக்கைகள் தெளிவாகவே பெறப்படுகின்றன. நடமாட்ட இடருடையோருக்கான தரிப்பிட உரிமம் நாடு முழுவதும் செல்லத்தக்கதாக அமைந்து, வாகனத்தின் பெயரில் அன்றி ஆளின் பெயரில் வழங்கப்படல் வேண்டும்; வாடகை ஆட்டோவிலும் தோட்டத்து லொறியிலும் அது செல்லுபடியாதல் வேண்டும். அங்கவீனர் உதவிப்பணம் பெறுவோருள் நடமாட்ட இடருடையோருக்கு மறுசோதனை இன்றி அது கிடைத்தல் வேண்டும். மாறாத குறைபாட்டுக்குச் சான்று வாழ்நாளில் ஒருமுறையே கேட்கப்படல் வேண்டும். சான்றில் எழுதப்பட வேண்டியது இழப்பின் வீதமன்று; இவர் துணையின்றி எவ்வளவு தூரம், எத்தகைய தரையில் நடப்பார் என்பதே. அதனை அறிந்து சொல்ல விசேட வைத்தியர்தாம் வேண்டும் என்பதில்லை, இயன்மருத்துவரும் சொல்லலாம். நடக்கவியலாதவர் சான்றைத் தேடிச் செல்லாமல், சான்று அவரைத் தேடித் தோட்டத்துக்கு வருதல் வேண்டும். பிறப்புப் பதிவுக்கும் அடையாள அட்டைக்கும் நடமாடும் சேவை நடத்தத் தெரிந்த அரசுக்கு இதற்கும் நடத்தத் தெரியும். படிவம் தமிழிலும் இருத்தல் வேண்டும்; தமிழில் நிரப்பியதற்காக எவரும் திருப்பி அனுப்பப்படலாகாது. வைத்தியசாலை, செயலகம், வங்கி, தபாற் கந்தோர் ஆகியவற்றின் வாயிலில் ஏற்றி இறக்குவதற்கென இடங்கள் குறிக்கப்படல் வேண்டும். எல்லாவற்றுக்கும் மேலாக, பொதுக் கட்டடங்களின் இணக்கச் சான்றிதழ் ஊரறியப் பரிசோதிக்கப்படல் வேண்டும்.

தமிழ் இலக்கியம் பயில்வோர் மணிமேகலையில் வரும் ஆபுத்திரனை அறிவர். மதுரையில் அம்பலத்தில் நின்று, பார்வையற்றோரையும் செவிப்புலன் அற்றோரையும் கால் முடப்பட்டோரையும் அழைத்து முதலில் உணவிட்டு, எஞ்சியதைத் தானுண்டவன் அவன். அவன் எவரிடமும் சான்று கேட்கவில்லை. அக்கருணை தமிழ் மரபின் பெருமை என்பதில் ஐயமில்லை. ஆயின் அக்கதையின் மறுபக்கத்தையும் காண வேண்டும். அம்பலத்துக்கு வந்தவர்கள் பிறர் கொடுப்பதை ஏற்கக் காத்திருந்தவர்கள். ஆபுத்திரன் ஊரை விட்டகன்றால் அவர்கள் பசித்திருக்க வேண்டும். இன்றைய அங்கவீனர் கேட்பது ஆபுத்திரனின் பாத்திரத்தை அன்று. தாமே சென்று தம் பணத்தில் தம் அரிசியை வாங்கிவரும் வழியை. கருணை கொடுப்பவனின் விருப்பில் நிற்கிறது. உரிமை கேட்பவனின் கையில் இருக்கிறது. சக்கர நாற்காலி வழங்கும் விழாக்களில் மாலையும் மேடையும் நிழற்படமும் மலிந்திருக்க, அந்த நாற்காலி உருளத் தக்க பாதை இல்லாதிருத்தல் கருணையின் வறுமையைக் காட்டுகிறது.

பல்கலைக்கழகத்தாருக்கு இதில் பங்கில்லை என எவரும் ஒதுங்க முடியாது. பேராதனைப் பல்கலைக்கழகமும் மலைச்சரிவில் எழுந்ததே. அதன் படிக்கட்டுகளின் அழகைப் பாடியவர்கள் பலர். அப்படிக்கட்டுகளால் எத்தனை பேர் விரிவுரைக்கு வர முடியாமற் போயினர் என்று எண்ணியவர்கள் சிலர். இங்கு மருத்துவ பீடம் உண்டு. இயன்மருத்துவம் பயிற்றும் இணை சுகாதார விஞ்ஞான பீடம் உண்டு. பொறியியற் பீடம் உண்டு. மும்மொழியும் அறிந்த மாணவர் நிறைந்த கலைப் பீடமும் உண்டு. கண்டியிலிருந்து மலையேறும் ஒரு பஸ் தூரத்தில் புசல்லாவை இருக்கிறது. ஒரு நீண்ட விடுமுறையில் இந்நால்வரும் ஒரு தோட்டத்துக்குச் சென்று, லயம் லயமாக நடந்து, வெளியே வரவியலாதோரைக் கண்டு, அவர்களின் படிவங்களைத் தமிழில் விளக்கி நிரப்பி, எந்தப் படி, எந்தப் பாலம், எந்த வாயில் அவர்களைத் தடுக்கிறது என அளந்து எழுதினால், அவ்வறிக்கை பத்துக் கருத்தரங்குகளை விடப் பயன் தரும். அளக்க வேண்டியது மனிதரை அன்று, படிகளை என்பதை நினைவிற் கொண்டால் போதும்.

மலையகத் தமிழரின் வரலாறு பாதை வெட்டியவர்களின் வரலாறு. மன்னாரிலிருந்து காட்டு வழியே நடந்து வந்து, வழியிற் பலரைப் பறிகொடுத்து, எஞ்சியோர் இம்மலைகளை மனிதர் செல்லத்தக்கனவாக ஆக்கினர். அவர்களின் பேரப்பிள்ளை ஒருவர், தம் முன்னோர் வெட்டிய வீதியில் ஓர் ஆட்டோவை நிறுத்தி இறங்குவதற்கு எட்டடி இடம் கேட்கிறார். அவரிடம் மருத்துவச் சான்று கேட்பதற்கு முன், அவ்வீதி தன் சான்றிதழைக் காட்டட்டும்.